பாட்டிலை எண்ணுறாங்க... ஆளை எண்ணுறாங்களா? அந்தமான் படகு டூர் போறவங்க கவனத்துக்கு!

காஞ்சீபுரம்:

அந்தமான் டூர் என்றாலே ஏஜெண்டுகள் கொடுக்கும் நோட்டீசில் தவறாமல் இடம்பிடிக்கும் பெயர் ஜாலிபாய் தீவு. காலையில் படகு ஏறி, பவளப்பாறை பார்த்து, மாலைக்குள் ரூமுக்குத் திரும்பும் ஒரு நாள் டூர் இது. இந்தத் தீவுக்குள் ஒரு பிளாஸ்டிக் கவரைக் கூட கொண்டுபோக முடியாது. பையைத் திறந்து பார்த்துத்தான் படகில் ஏற விடுகிறார்கள்.

ஆனால் அதே அந்தமான் கடலில் 2014-ம் ஆண்டு, அனுமதித்த எண்ணிக்கைக்கு மேல் ஆட்களை ஏற்றிக்கொண்டு ஒரு சுற்றுலா படகு கிளம்பியது. கரையில் அதை யாரும் தடுக்கவில்லை. 20-க்கும் மேற்பட்ட உயிர்கள் பலியாயின. இறந்தவர்களில் பலர் காஞ்சீபுரத்தில் இருந்து குழுவாக டூர் போனவர்கள்.

பாட்டிலுக்கு இருக்கும் கணக்கு மனுஷ உயிருக்கு ஏன் இல்லாமல் போனது? சீட்டுப் பணத்தைச் சேர்த்து, லீவு போட்டு, குடும்பத்தோடு டூர் கிளம்பும் ஒவ்வொருவரும் கேட்க வேண்டிய கேள்வி இது.

கடலுக்குள் ஒரு பூங்கா

சென்னையில் இருந்து அந்தமான் தலைநகர் போர்ட் பிளேருக்கு கடல் வழியில் சுமார் 1,200 கி.மீ. தூரம். கப்பலில் போனால் ஏறக்குறைய 3 நாள் ஆகும். விமானம் என்றால் இரண்டு மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூட. இந்த ஊருக்கு 2024-ம் ஆண்டு செப்டம்பரில் ஸ்ரீ விஜயபுரம் என்று மத்திய அரசு பெயர் மாற்றியது. டூர் போகிறவர்களும் வேன் டிரைவர்களும் இன்னும் பழைய பெயரைத்தான் சொல்கிறார்கள்.

ஊரில் இருந்து சுமார் 30 கி.மீ. தள்ளி இருக்கிறது வண்டூர். இங்கேதான் மகாத்மா காந்தி கடல்சார் தேசிய பூங்கா உள்ளது. 1983-ம் ஆண்டு அறிவிக்கப்பட்ட இந்தப் பூங்காவின் பரப்பு 281 சதுர கி.மீ.க்கும் மேல். 15 தீவுகள் இதில் அடக்கம். இவற்றில் சுற்றுலா பயணிகளுக்காக திறந்து விடப்படுபவை ஜாலிபாய், ரெட் ஸ்கின் ஆகிய இரண்டும்தான். அதுவும் ஒரே நேரத்தில் இல்லை. வருடத்தில் பாதி நாள் ஜாலிபாய், மீதி நாள் ரெட் ஸ்கின். ஒன்றில் ஆட்கள் நடமாடும்போது மற்றதில் பவளப்பாறைக்கு ஓய்வு கிடைக்கட்டும் என்பதுதான் இந்த ஏற்பாடு.

ஒரு நாள் கூத்து எப்படி?

விடிந்ததும் வேன் ஏற வேண்டும். வண்டூர் படகுத்துறையில் வனத்துறை அனுமதிச் சீட்டு, அடையாள அட்டை எல்லாம் சரிபார்க்கப்படும். பிளாஸ்டிக் பை, பாக்கெட் தின்பண்டம் எல்லாம் அங்கேயே ஓரங்கட்டப்படும். கொண்டுபோகும் தண்ணீர் பாட்டிலுக்கும் கணக்கு உண்டு. திரும்பி வரும்போது அதைக் காட்ட வேண்டும்.

பிறகு சுமார் ஒரு மணி நேர படகு சவாரி. இரண்டு பக்கமும் அலையாத்தி காடு. தண்ணீர் பச்சையில் இருந்து நீலமாக மாறும்போது தீவு தெரியும். ஜாலிபாயில் பெரிய படகு கட்டும் துறை கிடையாது. கடலிலேயே நிறுத்தி, அடியில் கண்ணாடி பதித்த சின்ன படகுக்கு ஆட்களை மாற்றி, கரை சேர்ப்பார்கள். வயதானவர்களும் கைக்குழந்தைக்காரர்களும் கொஞ்சம் தடுமாறும் இடம் இதுதான்.

தீவில் கடை இல்லை, ஓட்டல் இல்லை, ராத்திரி தங்கவும் முடியாது. கையில் கொண்டுபோனால்தான் சாப்பாடு. ஆனால் கண்ணாடி வழியே கீழே பார்த்தால் பசி மறந்துபோகும் என்கிறார்கள் போய் வந்தவர்கள். மூளை மாதிரி, மான்கொம்பு மாதிரி பவளப்பாறைகள், அதற்குள் புகுந்து புகுந்து ஓடும் கலர் கலர் மீன்கள்.

எதுக்கு இவ்வளவு கெடுபிடி?

பவளப்பாறை என்று பெயர்தான் பாறை. உண்மையில் அது லட்சக்கணக்கான சின்னஞ்சிறு உயிர்கள் சேர்ந்து கட்டிய வீடு. பாறை மாதிரி திரண்டு வளரும் வகை ஒரு வருடத்தில் வளர்வது ஒரு சென்டி மீட்டர் அளவுதான். ஒரு ஆள் தெரியாமல் ஏறி நின்றால், அவர் பிறப்பதற்கு முன்னால் இருந்து வளர்ந்தது ஒரு நொடியில் உடைந்துபோகும்.

கடல் சூடானாலும் இதற்கு ஆபத்து. தண்ணீர் வழக்கத்தை விட ஒன்றிரண்டு டிகிரி கூடி, அது பல வாரம் நீடித்தால் பவளம் வெளுத்துவிடும். 2010-ம் ஆண்டு அந்தமானில் பெரிய அளவில் இப்படி வெளுத்தது. 2016-லும் அடி விழுந்தது. அதனால்தான் பிளாஸ்டிக்குக்கு தடை, அனுமதிச் சீட்டு, தீவுக்கு ஓய்வு என்று கறாராக இருக்கிறார்கள். இந்தக் கறாரை யாரும் குறை சொல்ல முடியாது.

அந்த ஞாயிற்றுக்கிழமை...

ஜாலிபாய் போகிறவர்களின் பேக்கேஜில் பெரும்பாலும் இன்னொரு நாள் படகு டூரும் இருக்கும். போர்ட் பிளேருக்கு எதிரே உள்ள ராஸ் தீவும் (2018 முதல் இதன் பெயர் நேதாஜி சுபாஷ் சந்திரபோஸ் தீவு), நார்த் பே கடற்கரையும் அந்த டூரில் வரும். இது தேசிய பூங்கா இல்லை. கரைக்குப் பக்கத்திலேயே உள்ள கடல்.

2014 ஜனவரி 26, குடியரசு தினம், ஞாயிற்றுக்கிழமை. அந்தப் பக்கம்தான் 'அக்வா மெரைன்' என்ற சுற்றுலா படகு மாலை நேரத்தில் கவிழ்ந்தது. படகில் இருந்தவர்களில் பெரும்பாலோர் தமிழ்நாட்டையும் மும்பையையும் சேர்ந்தவர்கள். 25 பேர் போகக்கூடிய படகில் 40-க்கும் மேற்பட்டோர் ஏற்றப்பட்டதாக அப்போது தகவல் வெளியானது. படகில் மொத்தம் எத்தனை பேர் என்பதிலேயே முதலில் குழப்பம் நிலவியது. எண்ணிக்கை மாறி மாறி வந்தது. எத்தனை பேரைத் தேடுவது என்றே தெரியாவிட்டால், மீட்க வருபவர்கள் என்ன செய்வார்கள்?

புயல் இல்லை, சுனாமி இல்லை. ஊர் கண்ணுக்குத் தெரியும் தூரம்தான். அங்கேதான் இந்தச் சோகம் நடந்தது.

பாடம் படிக்கவில்லை

இது ஒரு தடவை நடந்த விபத்து என்று விட்டுவிட முடியாது. 2009 செப்டம்பர் 30-ந் தேதி தேக்கடி ஏரியில் 'ஜலகன்யகா' படகு கவிழ்ந்து 45 பேர் பலியானார்கள். விலங்குகளைப் பார்க்க பயணிகள் ஒரே பக்கம் திரண்டதும் ஒரு காரணமாகச் சொல்லப்பட்டது. இறந்தவர்களில் தமிழர்களும் உண்டு. 2011-ம் ஆண்டு கிறிஸ்துமஸ் அன்று பழவேற்காடு ஏரியில் படகு கவிழ்ந்து 22 பேர் இறந்தார்கள்.

2018 ஜூலையில் தாய்லாந்தின் புக்கெட் அருகே, தீவு சுற்றிப் பார்த்துவிட்டுத் திரும்பிய 'பீனிக்ஸ்' படகு புயல் காற்றில் மூழ்கி 47 சீன சுற்றுலா பயணிகள் பலியானார்கள். 2023 மே 7-ந் தேதி கேரள மாநிலம் தானூரில் 22 பேர். அதில் குழந்தைகள் பலர். 2024 ஜனவரியில் குஜராத்தின் வதோதரா ஏரியில் பள்ளிக்கூட டூர் போன 12 மாணவர்கள், 2 ஆசிரியைகள். அதே வருடம் டிசம்பரில் மும்பையில் எலிபெண்டா தீவுக்குப் போன படகு மீது கடற்படை வேகப்படகு மோதி 15 பேர். அதன் பிறகுதான் அங்கே லைப் ஜாக்கெட் கட்டாயம் என்று அறிவிப்பு வந்தது.

இடம் வேறு, காரணமும் கொஞ்சம் வேறு. ஆனால் அதிக ஆட்கள், போடாத லைப் ஜாக்கெட், வானிலையை மதிக்காத அவசரம் ஆகிய மூன்றில் ஒன்றாவது இந்த வகை விபத்துகளில் திரும்பத் திரும்ப வருகிறது.

படகு ஏன் கவிழுது?

படகும் தராசு மாதிரிதான். எடை கீழேயும் நடுவிலும் இருக்கும் வரை அலை அடித்தாலும் நிமிர்ந்துகொள்ளும். மாடியில் ஆட்கள் நிறைந்தால் எடை மேலே ஏறிவிடும். அப்போது சின்ன அலைக்கே படகு ஆட ஆரம்பிக்கும். அந்த நேரம் யாராவது "அங்க பாரு டால்பின்!" என்று கத்தினால் போதும். செல்போனைத் தூக்கிக்கொண்டு எல்லோரும் ஒரே பக்கம் ஓடுவார்கள். சாய்ந்த பக்கம் தண்ணீர் உள்ளே ஏறும். ஏறிய தண்ணீர் அதே பக்கமே சேர்ந்து படகை இன்னும் சாய்க்கும். பிறகு நிமிர்த்தவே முடியாது. லைப் ஜாக்கெட் சீட்டுக்கு அடியில் கட்டிக் கிடந்தால், அதைத் தேடி எடுத்துப் போட நேரம் எங்கே?

லாபக் கணக்கு

25 பேர் போனாலும் 45 பேர் போனாலும் டீசல் செலவில் பெரிய வித்தியாசம் இல்லை. படகு ஓட்டுபவர் சம்பளமும் அதேதான். ஆக, அனுமதிக்கு மேல் ஏறும் ஒவ்வொரு தலையும் முழு லாபம். உள்ளூர் ஏஜெண்டு, அந்தமான் ஏஜெண்டு, படகுக்காரர் என்று பணம் மூன்று கை மாறுகிறது. கடைசிக் கைக்கு வரும்போது தொகை சுருங்கிவிடும். சுருங்கியதை ஈடுகட்ட ஆளைக் கூட்டுகிறார்கள்.

தப்பு அவர்கள் மேல் மட்டும்தானா? "எங்க குரூப்ல நாலு பேரு விட்டுப்போச்சு, அட்ஜஸ்ட் பண்ணி ஏத்திக்கங்க" என்று கெஞ்சுவது பயணிகள்தான். கடல் சரியில்லை, இன்று படகு கிடையாது என்று சொன்னால் "பணத்தைக் கட்டிட்டோமே" என்று சண்டைக்குப் போவதும் பயணிகள்தான். கட்டிய பணம் திரும்ப வராது என்று பேக்கேஜ் சீட்டில் அச்சடித்திருப்பதால் அந்தக் கோபத்திலும் நியாயம் இருக்கிறது. ஆனால் அந்தக் கோபமே படகுக்காரருக்கு ரிஸ்க் எடுக்க சாக்காகிவிடுகிறது.

தேசிய பேரிடர் மேலாண்மை ஆணையம் 2017-ம் ஆண்டே படகுப் பாதுகாப்புக்கு வழிகாட்டு நெறிமுறைகளை வெளியிட்டது. அதற்குப் பிறகுதான் தானூரும் வதோதராவும் நடந்தன. சட்டம் பேப்பரில் இருந்து என்ன பயன்?

ஜாலிபாயில் பிளாஸ்டிக் தடை எப்படி நடக்கிறது? படகுத்துறையில் ஒரு ஆள் நின்று பார்க்கிறார். போகும்போது கணக்கு, வரும்போது கணக்கு. அவ்வளவுதான். பெரிய மெஷின் எதுவும் தேவைப்படவில்லை. அதே மாதிரி ஒவ்வொரு படகுத்துறையிலும் ஒரு ஆள் நின்று, தலையை எண்ணி, பெயர் பட்டியலை வாங்கிவைத்து, லைப் ஜாக்கெட் போட்ட பிறகே கயிற்றை அவிழ்க்க விட்டால் பாதி விபத்து நடக்காது.

அட்வான்ஸ் கொடுக்கும் முன்...

* படகில் எத்தனை பேருக்கு அனுமதி, உங்கள் குழுவோடு வேறு யார் ஏறுவார்கள் என்று ஏஜெண்டிடம் முதலிலேயே கேளுங்கள். படகில் அந்த எண்ணிக்கை எழுதியிருக்கிறதா என்று பாருங்கள்.

* வானிலையால் படகு ரத்தானால் பணம் திரும்ப வருமா, வேறு நாள் கிடைக்குமா என்று எழுதி வாங்குங்கள். வாய் வார்த்தை வேண்டாம்.

* ஊர் திரும்ப ஒரு நாள் கூடுதலாக வைத்துக்கொள்ளுங்கள். 2016 டிசம்பரில் மோசமான வானிலையால் அந்தமான் தீவுகளில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட பயணிகள் சிக்கி, கடற்படையும் கடலோர காவல்படையும் போய் மீட்க வேண்டி வந்தது.

* லைப் ஜாக்கெட்டை உட்கார்ந்ததும் போடுங்கள், கொக்கியை மாட்டுங்கள். குழந்தைக்கு குழந்தை சைஸ் வேண்டும். பெரியவர் ஜாக்கெட்டில் இருந்து குழந்தை நழுவிவிடும்.

* போட்டோவுக்காக ஒரே பக்கம் கூடாதீர்கள். பவளத்தின் மேல் நிற்காதீர்கள். வண்டூர் கடற்கரையில் முதலை எச்சரிக்கை பலகை சும்மா வைக்கவில்லை. குளிக்க அனுமதித்த இடத்தைத் தாண்டாதீர்கள்.

* கூட்டம் அதிகம் என்று தெரிந்தால் இறங்கிவிடுங்கள். ஒரு டூர் பணம் போனால் சம்பாதித்துக்கொள்ளலாம்.

ஒரு நாள் டூரில் ஜாலிபாய் தீவைப் பார்த்துவிட்டு நல்லபடியாக ஊர் திரும்பியவர்கள் ஏராளம். கடலைப் பார்த்து பயந்து வீட்டிலேயே இருக்கச் சொல்லவில்லை யாரும். காஞ்சீபுரத்தில் சில வீடுகளுக்கு மட்டும் ஜனவரி 26 என்றால் கொடியேற்றம் நினைவுக்கு வருவதில்லை. இன்னொரு வீட்டுக்கு அந்த நிலை வரக்கூடாது என்றால் படகுத்துறையில் பாட்டிலை எண்ணுவதற்கு முன்னால் ஆட்களை எண்ண வேண்டும்.