எண்ணை மாற்றியவனை அடித்தீர்கள், எல்லாவற்றையும் அழித்தவருக்குக் கூலி கொடுத்தீர்கள்!



சென்ற பள்ளி விடுமுறையில் ஒரு மாலைப்பொழுது. நீலாயில் என் வீட்டு வாசலில் ஒரு தாயார் மகனுடன் வந்து நின்றார். பையன் ஆறாம் ஆண்டுவரை என்னிடம் தமிழ் படித்தவன். இப்பொழுது படிவம் 2. கன்னம் வீங்கியிருந்தது. "சார், இவன் கம்ப்யூட்டர் உள்ளே ஏதோ நம்பரை மாத்திக் கெடுத்துட்டான் சார். அப்பா அடிச்சுட்டாரு. நீங்க கொஞ்சம் புத்தி சொல்லுங்க" என்றார் அம்மையார். புத்தி சொல்லத்தான் உட்காரவைத்தேன். அவன் சொன்னவற்றைக் கேட்டு முடித்தபோது, புத்தி சொல்லப்படவேண்டியவர்கள் வேறு ஆட்கள் என்பது விளங்கிற்று. அவர்களுள் நானும் ஒருவன். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

அவன் விளையாடியது 'தி சிம்ஸ் 3'. சுட்டு வீழ்த்தும் விளையாட்டன்று. வில் ரைட் என்பவர் உருவாக்கி 2000-ஆம் ஆண்டில் வெளிவந்த 'சிம்ஸ்' வரிசையில் மூன்றாவது; 2009-இல் வந்தது. 1991-இல் கலிபோர்னியாவின் ஓக்லண்டில் மூண்ட பெருந்தீயில் ரைட் தம் வீட்டை இழந்தார். மறுபடியும் ஒரு வீட்டை அமைக்க என்னென்ன வேண்டும் என்று எண்ணத் தொடங்கியதிலிருந்து பிறந்ததே இவ்விளையாட்டு. கணினிக்குள் வீடு கட்டலாம், குடும்பத்தைக் குடியேற்றலாம், அவர்களுக்குப் பசிக்கும், உறக்கம் வரும், துணை இல்லாவிட்டால் மனம் சோரும். பிள்ளைகள் அதைப் பார்த்துக்கொள்ள வேண்டும்.

நம் பையன் என்ன கட்டினான் தெரியுமா? தன் பாட்டி வாழ்ந்த தோட்டத்து லயன் வீட்டை. அந்தத் தோட்டம் இன்று இல்லை. 1990-களில் விமான நிலையமும் மல்டிமீடியா பெருவழியும் வந்தபோது நீலாய், சிப்பாங், டிங்கில் வட்டாரத்தில் எத்தனையோ தோட்டங்கள் வீடமைப்புப் பகுதிகளாக மாறின. புத்ராஜெயாவே பிராங் பெசார் தோட்டத்தின்மேல் எழுந்த நகரந்தானே? பையன் பாட்டியிடம் கேட்டுக் கேட்டுப் பால்மரத்தையும், கோயிலடியையும், லயத்துக் கடைசிக் கதவையும் வைத்தான். பாட்டி வீட்டில் 11 பேர். அங்கேதான் சிக்கல். அந்த விளையாட்டில் ஒரு குடும்பத்தில் 8 பேருக்குமேல் இருக்க முடியாது! யாரோ இட்ட வரம்பு. நம் லயத்துக்கு எப்படிப் பொருந்தும்?

இந்த வரம்பைத் தளர்த்தும் சேர்க்கைக் கோப்புகள் உண்டு. பிள்ளைகள் 'மோட்' என்பார்கள். 'என்ராஸ்' என்னும் பெயரில் ஆர்வலர்கள் இயற்றிய 'மாஸ்டர் கன்ட்ரோலர்' அவற்றுள் ஒன்று. அதைப் போட்டால் எட்டுக்கு மேலும் சேர்க்கலாம். ஆனால் ஒவ்வொரு மோடும் விளையாட்டின் குறிப்பிட்ட பதிப்புக்கு ஏற்ப எழுதப்படுவது. பையனிடம் இருந்தது 1.63; நீலாயில் தொழிற்சாலை வேலைக்குப் போகும் அவன் அக்காள் வாங்கிய தட்டுகள். அவன் இறக்கிய மோடோ 1.67-க்கு உரியது. விளையாட்டைப் புதுப்பிக்க முயன்றான். வீட்டு இணையம் பாதிவழியில் அறுந்தது. இரண்டு முறை, மூன்று முறை. பிறகு எங்கோ படித்த ஒரு குறுக்குவழியைக் கையாண்டான். விளையாட்டு நிறுவப்பட்ட இடத்தில் 'பின்' என்னும் கோப்புறைக்குள் 'எஸ்கேயூவெர்ஷன்' என்றொரு சிறு உரைக்கோப்பு இருக்கிறது. பதிப்பு எண்ணைத் தாங்கிய சில வரிகள், அவ்வளவே. அதை நோட்பேடில் திறந்து 1.63 என்பதை 1.67 என்று மாற்றிவிட்டான். சேமிக்க விண்டோஸ் அனுமதி மறுத்தது. மேசைத்திரையில் சேமித்துப் பிறகு உள்ளே கொண்டுபோய் வைத்தான். முதல் தடவை அது 'டிஎக்ஸ்டி' என்னும் வால் இரண்டுடன் போய் உட்கார்ந்துகொண்டதாம். விண்டோஸ் அந்த வாலை மறைத்தே காட்டும் என்பதைத் தானே கண்டுபிடித்திருக்கிறான். பதிமூன்று, பதினான்கு வயதில்!

முகப்புச் சாளரம் 1.67 என்று காட்டிற்று. மகிழ்ந்தான். விளையாட்டைத் திறந்தான், ஊர் தோன்றும் இடத்தில் உறைந்து நின்றது. மறுபடியும் புதுப்பிக்க முயன்றபோது, 'ஏற்கெனவே அந்தப் பதிப்பில்தான் இருக்கிறாய்' என்கிற பொருளில் ஒரு பதில் வந்தது. பொய் சொன்னவனையே பொய் கட்டிப்போட்டது.

இதற்குப் பின் நடந்ததுதான் என் நெஞ்சைச் சுடுகிறது. தந்தையார் மடிக்கணினியை ஒரு கடைக்குக் கொண்டுபோனார். கடைக்காரர் எதையும் ஆராயவில்லை. வன்தட்டு முழுவதையும் அழித்து விண்டோஸை மறுபடி நிறுவி, 80 வெள்ளி வாங்கிக்கொண்டார். அக்காளின் பட்டயக் கல்வி ஒப்படைப்பு, குடும்பப் படங்கள், பாட்டியின் லயன் வீடு எல்லாம் போயின. ஓர் உரைக்கோப்பில் ஓர் இலக்கத்தை மாற்றியவன் குற்றவாளி. எல்லாவற்றையும் துடைத்தெறிந்தவர் தொழில் தெரிந்தவர்! அவருக்கு நன்றி சொல்லிவிட்டு வந்து பிள்ளையை அடிப்பது எந்த நீதி?

கோபத்தை ஒதுக்கிவிட்டுப் பார்ப்போம். அந்த மாற்றத்தால் கணினிக்கு நேர்ந்த கேடு என்ன? ஒன்றுமில்லை. மோடை எடுத்துவிட்டு, பழைய எண்ணைத் திரும்ப எழுதியிருந்தால் பழைய நிலை. அதுவும் வாய்க்கவில்லை என்றால் அந்த விளையாட்டை மட்டும் நீக்கி நிறுவியிருக்கலாம். அவன் கட்டிய ஊரோ 'ஆவணங்கள்' பகுதியில் 'சேவ்ஸ்' என்னும் தனிக் கோப்புறையில் இருந்தது. அதை ஒரு விரல்நினைவியில் போட்டிருந்தால் பாட்டி வீடு இன்றும் இருந்திருக்கும். இதைச் சொன்னபோதுதான் பையன் அழுதான். அடிபட்டதற்கு அழாதவன்.

இன்னொரு கட்சி இருக்கிறது. இந்தச் செய்தியை ஆசிரியர் அறையில் சொன்னபோது இளம் ஆசிரியர் ஒருவர், "ஆகா, பையன் ஹேக்கர்!" என்று கைதட்டினார். அதையும் நான் ஏற்கவில்லை. எண்ணை மாற்றியது அறிவுக்கூர்மையன்று, முத்திரையை மாற்றியது. அரிசி மூட்டையின்மேல் 'சீனி' என்று எழுதினால் தேநீர் இனிக்குமா? 1.67-க்கு எழுதப்பட்ட மோட், அந்தப் பதிப்பில் உள்ள ஒரு செயற்கூற்றைப் பெயர் சொல்லி அழைக்கிறது. 1.63-இல் அப்பெயருடைய ஆளே வீட்டில் இல்லையென்றால் யார் வந்து கதவு திறப்பார்? வாசலில் பெயர்ப்பலகையை மாற்றிவிட்டால் உள்ளே ஆள் முளைத்துவிடமாட்டார்.

இதே வரிசையில் 'சிம்ஸ் 4' 2014-இல் வந்தது. அதன் கட்டளை மோடுகள் பைத்தான் மொழியில் எழுதப்படுபவை. 2018 நவம்பரில் விளையாட்டுக்குள் இருந்த பைத்தான் 3.3-இலிருந்து 3.7-க்கு மாறியபோது, அதுவரை இருந்த கட்டளை மோடுகளைப் புதிதாகத் தொகுக்க வேண்டியதாயிற்று. தொகுக்கப்பட்ட பைத்தான் கோப்பின் தொடக்கத்திலேயே அது எந்தப் பதிப்புக்கு உரியது என்னும் அடையாள எண் பதிந்திருக்கும். அதைக் கையால் மாற்றினாலும் பின்னால் உள்ள கட்டளைகள் பழையனவே. ஒவ்வொரு புதுப்பித்தலுக்குப் பின்னும் 'சிம்ஸ் 4' மோடுகளைத் தானே அணைத்துவைப்பதும் இந்த அச்சத்தால்தான்.

நம் தமிழுக்கே இது நேர்ந்ததை மூத்த ஆசிரியர்கள் மறந்திருக்கமாட்டார்கள். 2001 ஆகஸ்டில் கோலாலம்பூரில் தமிழ் இணைய மாநாடு நடந்த காலத்தில், ஒரு தமிழ்ப் பக்கத்தைத் திறந்தால் முதலில் தெரிவது என்ன? தலைகீழ்க் கேள்விக்குறியும் கொம்பு முளைத்த ஆங்கில எழுத்துகளும்! உள்ளே இருப்பது திஸ்கி; பக்கத்தின் நெற்றியில் ஒட்டியிருப்பதோ ஆங்கிலக் குறியீட்டுப் பெயர். உலாவியில் 'பயனர் வரையறை' என்பதை நாமே தேர்ந்தெடுத்து, உரிய எழுத்துருவையும் நிறுவினால்தான் தமிழ் தமிழாகும். சிலர் நெற்றிப் பெயரை மட்டும் 'யூடிஎஃப்-8' என்று மாற்றிவிட்டு, ஒருங்குறிக்கு வந்துவிட்டோம் என்று பெருமைப்பட்டார்கள். கட்டங்களும் கேள்விக்குறிகளுமே வந்தன. எழுத்து ஒவ்வொன்றையும் உண்மையாகவே மாற்றியபிறகுதான் விடிந்தது. அந்நாளில் நானும் ஒரு கட்டுரைத் தொகுப்பை அப்படிக் கெடுத்திருக்கிறேன். என்னை யாரும் அடிக்கவில்லை.

ஆகவே பையனிடம் நான் சொன்னது இதுதான்: "தம்பி, கோப்பைத் திறந்தது சரி. படித்தது மிகச் சரி. நகல் எடுக்காமல் மாற்றியது பிழை. மாற்றினால் என்ன நடக்கும் என்று அறியாமல் மாற்றியது அதைவிடப் பெரிய பிழை. உன் பதிப்புக்குப் பொருந்தும் மோடைத் தேடியிருக்க வேண்டும்." மோட் இயற்றுவோர் பலர் பழைய பதிப்புகளுக்கு உரியவற்றையும் நீக்காமல் வைத்திருப்பார்கள். 1.63-க்கு உரியது கிடைத்திருந்தால் ஓர் எண்ணையும் தொடாமல் 11 பேரும் குடியேறியிருப்பார்கள்.

அவன் என்னைத் திருப்பிக் கேட்டான்: "சார், இதெல்லாம் ஸ்கூல்ல சொல்லிக் கொடுக்கலையே?"

வாயடைத்துப் போனேன். என்ன சொல்வது? ஆறு ஆண்டுகள் எங்களிடம் இருந்தான். கணினி அறைக்குப் போனான். படம் வரைந்தான், படவில்லை செய்தான், இணையத்தில் விடைகளைச் சொடுக்கினான். கோப்பு என்றால் என்ன, அது எந்தக் கோப்புறையில் வாழ்கிறது, அதன் வால் எதைக் குறிக்கிறது, மாற்றுமுன் நகல் எடுப்பது எப்படி என்று ஒருவரும் சொல்லவில்லை. 2017 முதல் இடைநிலைப்பள்ளியில் அடிப்படைக் கணினி அறிவியல் பாடமாயிற்று; 2020-இல் டெலிமா தளம் வந்தது. நல்லவைதாம். ஆனால் எல்லாம் உலாவிக்குள்ளேயே நடந்து முடிகின்றன. தொடுதிரையில் வளரும் பிள்ளைக்குக் கோப்பு என்பது ஒரு வதந்தி. சைபர்ஜெயா இங்கிருந்து அரைமணி நேரப் பயணத்தில் இருக்கிறது. அந்தப் பெருவழிக்காக வீட்டை விட்டவர்களின் பேரன் அடிபட்டுத்தான் இதைக் கற்க வேண்டியிருக்கிறது.

இன்னும் கசப்பான ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். பதிப்பு எண்ணை மட்டும் மாற்றுவதில் நம்மைவிடக் கைதேர்ந்தவர் யார்? 2003-இல் கணிதமும் அறிவியலும் ஆங்கிலத்துக்கு மாறின. 2009-இல் அதைக் கைவிடுவதாக அறிவித்தார்கள். 2011-இல் கேபிஎஸ்ஆர் போய்க் கேஎஸ்எஸ்ஆர் வந்தது. 2017-இல் அதன் திருத்திய வடிவம். ஒவ்வொரு முறையும் நம்மில் எத்தனை பேர் பாடத்தை மாற்றினோம், எத்தனை பேர் கோப்பின் முகப்பை மாற்றினோம்? என் பழைய பயிற்சித்தாள்களை எடுத்துப் பார்த்தேன். கீழே ஆண்டு மட்டும் மூன்று முறை மாறியிருக்கிறது. கேள்விகள் அப்படியே. ஒரு கேள்வியில் பிழையும் அப்படியே! அந்தத் தாள்களை எழுதி மதிப்பெண் இழந்த பிள்ளைகளின் முன்னால் எந்த முகத்தோடு 'நம்பரை மாத்திட்டான்' என்று குற்றம் சாட்டுவேன்?

பெற்றோர்களே, விளையாட்டுக்கு நேர வரம்பு வையுங்கள், நான் தடுக்கவில்லை. திருட்டுப் பிரதியைத் தடுங்கள்; 'சிம்ஸ் 4' அடிப்படை விளையாட்டே 2022 அக்டோபரில் இலவசமாகிவிட்டது. இனந்தெரியாத தளத்திலிருந்து எதையும் இறக்கவேண்டாம் என்று சொல்லுங்கள், மோட் என்ற பெயரில் நச்சு நிரலும் வரும். ஆனால் பிள்ளை ஒரு கோப்பைத் திறந்து படித்துக்கொண்டிருந்தால், கணினியை மூடாமல் பக்கத்தில் போய் உட்காருங்கள். "என்ன ஐயா இது, எதை மாற்றப் போகிறாய், நகல் எடுத்தாயா?" என்று கேளுங்கள். அதற்குக் கணினி அறிவே வேண்டாம்.

ஆசிரியர்களுக்கு: இரண்டு சனிக்கிழமை காலைகள் போதும். வாலை மறைக்கும் அமைப்பை நீக்கச் செய்யுங்கள். ஓர் உரைக்கோப்பைக் கொடுத்து, நகல் எடுக்கவைத்து, மாற்றவைத்து, கெடுக்கவைத்து, நகலிலிருந்து மீட்கவையுங்கள். மாற்றிய நாளையும் காரணத்தையும் தமிழில் ஒரு வரி எழுதவையுங்கள். பெற்றோர் ஆசிரியர் சங்கத்தின் அடுத்த கூட்டத்தில் இதைத்தான் கேட்கவிருக்கிறேன்.

அந்த மடிக்கணினி இப்பொழுது அலமாரிக்குள் பூட்டிக் கிடக்கிறது. தந்தையாரைப் போய்ப் பார்த்தேன். செம்பனைக் குலை ஏற்றிவிட்டுக் களைத்து வந்திருந்தார். நான் சொன்னதையெல்லாம் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "பார்க்கலாம் சார்" என்றார். சாவியைத் தரவில்லை. பாட்டி மட்டும் வாசல்வரை வந்து, "அந்த வீட்ட மறுபடி கட்ட முடியுமா சார்?" என்று மெதுவாகக் கேட்டார். வருகிற ஞாயிற்றுக்கிழமை மீண்டும் போகவிருக்கிறேன்.