வாடகை வீண் என்றால் வட்டி என்ன?

கும்மிடிப்பூண்டி ரயிலில் எண்ணூரைத் தாண்டினால் அத்திப்பட்டு புதுநகர், அத்திப்பட்டு, நந்தியம்பாக்கம், மீஞ்சூர் என்று நிலையங்கள் வரிசையாக வரும். அனல் மின் நிலையத்தின் புகைபோக்கிகள் கண்ணில் படும் இந்த வட்டாரத்தில் வண்ணக்கொடி நட்ட மனைப்பிரிவுகளுக்கும் பஞ்சமில்லை. அங்கே காதில் விழும் வாசகம் எல்லாருக்கும் மனப்பாடம்: "வாடகை கொடுத்துக் காசை வீணாக்காதீர்கள். அதே பணத்தை டியூவாகக் கட்டினால் வீடு உங்களுக்கே சொந்தம்." மனை விற்பவர் மட்டும் சொன்னால் வியாபாரம் என்று விட்டுவிடலாம். மாமனாரும் இதையேதான் சொல்கிறார், ஷிப்டில் கூட நிற்பவரும் இதையேதான் சொல்கிறார்.

சொந்த வீடு வேண்டாம் என்பது என் வாதம் இல்லை. இந்த வாசகம் கணக்கில் நிற்காது என்பதே வாதம்.

ஓர் உதாரணத்தை வைத்துக்கொள்வோம். வீட்டின் விலை 30 லட்சம். கையில் இருப்பது 5 லட்சம், வங்கிக் கடன் 25 லட்சம். வட்டி ஆண்டுக்கு 8.5 சதவீதம், காலம் 20 ஆண்டு. மாதத் தவணை 21,696 ரூபாய். இப்போது குடியிருக்கும் வீட்டுக்கு வாடகை 8,000 ரூபாய். உங்கள் தெருவில் எண்கள் வேறாக இருக்கலாம். மாற்றிப் போட்டுப் பாருங்கள், கணக்குப் போடும் முறை மாறாது.

1. "வாடகை வீண், தவணை நம் சொத்தில் சேர்கிறது"

"அதே பணம்" என்ற சொல்லிலேயே முதல் ஓட்டை இருக்கிறது. 8,000 எங்கே, 21,696 எங்கே?

அதைவிடப் பெரிய ஓட்டை அடுத்தது. முதல் மாதம் கட்டும் 21,696 ரூபாயில் 17,708 ரூபாய் வட்டிக்கே போய்விடும். அசலில் கழிவது 3,988 ரூபாய். வீட்டுக்காரருக்குக் கொடுத்தால் திரும்பி வராது என்பதால் வாடகை வீண் என்கிறோம். வங்கிக்குக் கொடுத்த வட்டி மட்டும் திரும்பி வருமா? வீட்டுக்கு வாடகை கொடுப்பதை நிறுத்திவிட்டுப் பணத்துக்கு வாடகை கொடுக்கத் தொடங்குகிறோம். அதுவும் இரண்டு மடங்குக்கு மேல்.

ஐந்து வருஷம் ஒரு தவணையும் தவறாமல் கட்டினால் மொத்தம் 13 லட்சம் கட்டியிருப்பீர்கள். அசலில் குறைந்திருப்பது 3 லட்சத்துக்கும் சற்றுக் கீழே; இன்னும் 22 லட்சம் பாக்கி. கடனில் பாதி அடைய 166 மாதம், அதாவது ஏறக்குறைய 14 வருஷம் ஆகும்.

வாடகை வருஷா வருஷம் ஏறுமே என்பார்கள். சரி, ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறட்டும். அப்படி ஏறினாலும் மாத வாடகை மாத வட்டியை எட்டிப் பிடிக்கப் பத்து வருஷம் ஆகிறது.

2. "எட்டரை சதவீதம்தானே, ஒரு வட்டிகூட இல்லையே"

நம் ஊர்க் கணக்கில் ஒரு வட்டி என்றால் நூறு ரூபாய்க்கு மாதம் ஒரு ரூபாய். இரண்டு வட்டி, மூன்று வட்டிக்குக் கைமாற்று வாங்கிப் பழகியவருக்கு 71 பைசா வட்டி தர்மம் போலத் தெரியும். வீதம் மலிவுதான், அதில் தப்பில்லை. கைமாற்றை ஆறு மாதத்தில் அடைத்துவிடுவோம். இதை 240 மாதம் தூக்கிச் சுமக்கிறோம். மலிவான வட்டியும் நாள் பட்டால் பெருத்துவிடும்.

20 ஆண்டில் கட்டும் தவணைகள் மொத்தம் 52 லட்சத்து 7 ஆயிரம். அதில் வட்டி மட்டும் 27 லட்சம், வாங்கிய கடனைவிட அதிகம். இருபது வருஷத்தில் பரவிய 52 லட்சமும் இன்றைய 52 லட்சமும் ஒன்றாகாது, பணத்தின் மதிப்பு தேயும் என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அந்தத் தேய்மானம் சம்பளம் விலைவாசியோடு ஏறுபவருக்குத்தான் உதவும். ஒவ்வொரு ஒப்பந்தத்துக்கும் கூலி முதலிலிருந்து பேசப்படும் ஒப்பந்தத் தொழிலாளிக்கு அந்த ஆறுதல் பாதிதான்.

அவருக்கு இன்னொரு பாரமும் உண்டு. சம்பளச் சீட்டு ஒழுங்காக இல்லாதவர் தனியார் வீட்டுக் கடன் நிறுவனங்களிடம் போக நேரிடும். அங்கே வீதம் கூடும். வீதம் 11 சதவீதமானால் தவணை 25,805; மொத்தம் 62 லட்சம். இரண்டரை சதவீதம் என்று வாயால் சொல்வது பணமாக ஏறத்தாழ 10 லட்சம்.

3. "வருஷத்தைக் கூட்டிக்கோங்க, சுமை குறையும்"

கடன் வாங்கித் தரும் ஏஜென்ட் சொல்லும் இனிப்பான வார்த்தை இது. அதே 25 லட்சத்தை 30 ஆண்டுக்கு வாங்கினால் தவணை 19,223. மாதம் 2,473 ரூபாய் மிச்சம். ஆனால் மொத்தம் கட்டுவது 69 லட்சத்து 20 ஆயிரம். மாதம் இரண்டாயிரத்துச் சொச்சம் குறைவதற்காக 17 லட்சம் கூடுதல் வட்டி.

எதிர்ப்பக்கம் பாருங்கள். 15 ஆண்டுக்கு வாங்கினால் தவணை 24,618, மொத்தம் 44 லட்சத்து 31 ஆயிரம். மாதம் மூவாயிரம் கூடுதலாகக் கட்ட முடிந்தவருக்கு 20 ஆண்டுக் கடனைவிட ஏழே முக்கால் லட்சம் மிச்சம். நீட்டினால் சுமை இறங்குவதில்லை. ஐம்பத்தைந்து, அறுபது வயதில் தூக்கிக்கொள்ளும்படி தள்ளிவைக்கப்படுகிறது.

4. "சம்பளம் ஏறும், டியூ அப்படியே நிற்கும்"

டியூ நிற்கலாம். வட்டி நிற்காது. வங்கிகள் தரும் வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்கள். 2019 அக்டோபருக்குப் பின் வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன் வெளி அளவீடு ஒன்றோடு கட்டப்பட்டிருக்கிறது. பெரும்பாலும் அது ரெப்போ வீதம், அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி வீதம்.

2022 மே மாதம் 4 சதவீதத்தில் இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரிக்குள் 6.5 சதவீதம் ஆனது. 2021 நடுவில் 7 சதவீதத்துக்கு 25 லட்சம் வாங்கிய ஒருவரை எடுத்துக்கொள்வோம். தவணை 19,382. இருபது மாதம் கட்டிய பின் பாக்கி ஏறத்தாழ 24 லட்சம். அதற்குள் வீதம் 9.5 சதவீதம். மாத வட்டி மட்டும் 19,000. தவணையை மாற்றாமல் விட்டால் அசலில் கழிய மிஞ்சுவது 382 ரூபாய். அந்த வேகத்தில் கடன் தீர 41 வருஷம் ஆகும். "டியூ ஏறவில்லை" என்று அவர் நிம்மதியாக இருந்திருப்பார், ஏறியது வருஷம்.

இப்படிச் சத்தமில்லாமல் காலம் நீள்வதைக் கண்டுதான் ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் ஓர் உத்தரவு போட்டது. வீதம் மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, ஒரு பகுதியை அடைப்பதா என்று கடன் வாங்கியவரைத்தான் கேட்க வேண்டும். நிலை வட்டிக்கு மாறவும் வழி தர வேண்டும் என்று அப்போது சொன்னது. 2025-இல் ரெப்போ படிப்படியாக 5.25 சதவீதத்துக்கு இறங்கியது. இறங்கும் காலத்தில் தவணையைக் குறைக்கச் சொல்லாமல் வருஷத்தைக் குறைக்கச் சொல்பவர் பிழைத்தார்.

5. "கடன் வாங்கினால் வரி மிச்சம், மானியம் வேறு"

குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழித்துக்கொள்ளும் சலுகை பழைய வரிமுறைக்கு உரியது. 2023-24 நிதியாண்டிலிருந்து நாமாக மாற்றிக் கேட்காவிட்டால் புதிய முறைதான் பொருந்தும். அதில் இந்தச் சலுகை இல்லை. 2025-26 முதல் புதிய முறையில் 12 லட்சம் வரை வருமானத்துக்கு வரியே இல்லை. வருஷம் ஐந்தாறு லட்சம் சம்பாதிக்கும் தொழிலாளிக்கு மிச்சம் பிடிக்க முதலில் வரி இருக்க வேண்டுமே?

மானியம் உண்மை. பிரதமரின் நகர்ப்புற வீட்டுத் திட்டத்தின் இரண்டாம் கட்டம், தகுதி உள்ளவருக்குக் கடனின் முதல் 8 லட்சத்துக்கு 4 சதவீத வட்டி மானியம் தருகிறது. உச்சவரம்பு 1 லட்சத்து 80 ஆயிரம். தகுதி இருந்தால் விடாதீர்கள். ஆனால் 27 லட்சம் வட்டிக்கு முன்னால் அதன் உயரம் எவ்வளவு என்றும் பாருங்கள்.

6. "மண்ணில் போட்ட காசு வீண் போகாது"

முதலில் மண்ணில் எவ்வளவு போட்டோம் என்று முழுசாகக் கூட்டுவோம். தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம். பதிவுக் கட்டணம் 2023 ஏப்ரல் முதல் 2 சதவீதம். 30 லட்சத்துக்கு அது 2 லட்சத்து 70 ஆயிரம். கை முதல் 5 லட்சத்தையும் தவணைகள் 52 லட்சத்தையும் சேர்த்தால் 60 லட்சம். வங்கியின் பரிசீலனைக் கட்டணம், அடமானப் பதிவுச் செலவு, வக்கீல் கருத்துக் கட்டணம் தனி. கடனோடு ஒட்டிவிடும் காப்பீடும் உண்டு. 60,000 ரூபாய் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்த்துவிட்டால் 20 ஆண்டு வட்டியோடு அது ஒன்றேகால் லட்சம் ஆகும்.

அத்திப்பட்டு வட்டாரத்துக்கே உரிய செலவுகளும் உண்டு. மீஞ்சூர்ப் பகுதி நிலத்தடியில் கடல்நீர் ஏறியிருப்பது பல பத்தாண்டுகளாகத் தெரிந்த சங்கதி. போர் போட்டால் உப்புத் தண்ணீர் வரும் இடத்தில் குழாயும் கம்பியும் சீக்கிரம் அரிக்கும், குடிக்கக் கேன் வாங்க வேண்டும். கொசஸ்தலையாறும் எண்ணூர்க் கழிமுகமும் பக்கத்தில் இருப்பதால் தாழ்ந்த மனையை மண்ணடித்து உயர்த்த வேண்டும். 2023 டிசம்பர் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு எண்ணெயும் கலந்து எண்ணூர் வீடுகளுக்குள் புகுந்ததைப் பார்த்த ஊர் இது. மனைப்பிரிவுப் படத்தில் இவை எதுவும் இருக்காது.

விலை ஏறாதா? 2001-இல் எண்ணூரில் துறைமுகம் வந்தது, பிறகு காட்டுப்பள்ளியிலும் வந்தது. வேலை வந்த இடத்தில் மனைக்கு மதிப்பு கூடும், மறுக்கவில்லை. இருபது வருஷத்தில் 30 லட்ச வீடு 60 லட்சம் ஆனால் "ரெண்டு மடங்கு" என்று ஊர் மெச்சும். கையை விட்டுப் போனதும் அதே 60 லட்சம்தான் என்பதை யாரும் சொல்வதில்லை.

அவ்வளவு காலம் வாடகை இல்லாமல் இருந்தோமே என்று கேட்டால், அது நியாயமான கேள்வி. 8,000-இல் தொடங்கி 5 சதவீதம் ஏறும் வாடகை 20 ஆண்டில் 31 லட்சத்து 74 ஆயிரம் ஆகும். அதை வீட்டின் பக்கம் வரவு வையுங்கள். வாடகைக்காரரின் பக்கமும் பார்க்க வேண்டும்: கை முதலும் பதிவுச் செலவும் சேர்ந்த 7 லட்சத்து 70 ஆயிரத்தையும், தவணைக்கும் வாடகைக்கும் இடையிலான மாத வித்தியாசத்தையும் 6 சதவீத வட்டிக்குப் போட்டுவந்தால், 20 ஆண்டின் முடிவில் வரிக்கு முன் சுமார் 68 லட்சம் சேர்ந்திருக்கும். வீட்டின் விலை ஆண்டுக்கு 4 சதவீதத்துக்கு மேல் ஏறினால்தான் சொந்த வீடு முந்தும்.

"யார் சார் மாதாமாதம் பதிமூணாயிரம் எடுத்து வைக்கப் போறாங்க?" என்று கேட்பீர்கள். அதுதான் வீட்டுக் கடனுக்கு ஆதரவான உண்மையான வாதம். கடன் ஒரு கட்டாயச் சேமிப்பு; சீட்டுப் பணம் போல, கட்டியே தீர வேண்டும். அதற்கு நாம் கொடுக்கும் கூலிதான் வட்டி. அப்படிச் சொல்லி விற்றால் எனக்கு மறுப்பே இல்லை.

7. "வட்டியை முதலிலேயே எடுத்துட்டான், இனி அடைச்சு என்ன பயன்?"

வங்கி முதலில் வட்டியை எடுத்துக்கொள்வது சூழ்ச்சி என்று பலர் நம்புகிறார்கள். மீதமிருக்கும் அசலுக்கு மாதாமாதம் வட்டி போடப்படுகிறது, அவ்வளவுதான். அசல் பெரிதாக இருக்கும் தொடக்கத்தில் வட்டியும் பெரிதாக இருக்கும். ஆகவே எந்த வருஷத்தில் அசலைக் குறைத்தாலும் அதற்கு மேல் வரவிருந்த வட்டி நிற்கும். முந்திக் குறைத்தால் கூடுதலாக நிற்கும்.

நம் உதாரணத்தில் ஒவ்வொரு வருஷமும் தீபாவளி போனஸிலிருந்து ஒரே ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டினால் கடன் 16 வருஷம் 9 மாதத்தில் தீரும். மிச்சம் 5 லட்சம். தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைக்க அபராதம் கேட்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே வங்கிகளுக்குச் சொல்லிவிட்டது.

வீடு வாங்கப் போகிறவரிடம் ஒன்று கேட்டுக்கொள்கிறேன். 2024 அக்டோபர் முதல் ஒவ்வொரு வீட்டுக் கடனுக்கும் முக்கிய விவரத் தாள் ஒன்றைக் கையெழுத்துக்கு முன்பே தர வேண்டும். கட்டணங்கள் சேர்த்த உண்மையான ஆண்டு வீதமும், மாதம் மாதம் வட்டிக்கு எவ்வளவு, அசலுக்கு எவ்வளவு என்ற அட்டவணையும் அதில் இருக்கும். உங்களுக்குப் புரியும் மொழியில் தர வேண்டும் என்பதும் விதி. தமிழில் கேட்டு வாங்குங்கள். வீட்டுக்கு எடுத்துவந்து, மாதத் தவணை எழுதிய கட்டத்தைக் கையால் மறைத்துக்கொண்டு, மொத்தத் தொகை எழுதிய கட்டத்தை வீட்டில் எல்லாருக்கும் உரக்கப் படித்துக் காட்டுங்கள். அதற்குப் பிறகும் வீடு வேண்டும் என்று தோன்றினால் தயங்காமல் வாங்குங்கள்.