சட்டம் வந்துவிட்டது, சாட்சி வர வேண்டும்

பிழைப்புக்காக மாநிலம் விட்டு மாநிலம் வந்த ஷெட்யூல்டு வகுப்பினருக்கு, வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் பாதுகாப்பு வந்த இடத்திலும் உண்டா என்ற கேள்விக்கு 2023-ஆம் ஆண்டில் பம்பாய் ஹைகோர்ட்டின் மூன்று நீதிபதிகள் அடங்கிய முழு பெஞ்ச் தெளிவாக விடையளித்துவிட்டது. சொந்த மாநிலப் பட்டியலில் உள்ள ஜாதி இந்த மாநிலப் பட்டியலில் இல்லாவிட்டாலும், இந்தச் சட்டத்தின் பாதுகாப்பு அவருக்கு இங்கேயும் உண்டு என்பதே தீர்ப்பு. வேலைக்கும் படிப்புக்குமான ஒதுக்கீட்டுச் சலுகை மாநில எல்லையோடு நின்றுவிடும் என்று சுப்ரீம் கோர்ட் 1990-லும் 1994-லும் கூறியது. சலுகை நின்றாலும் பாதுகாப்பு நிற்காது என்பது கட்கியிலும் தேஹு ரோடிலும் உழைத்துப் பிழைக்கும் தமிழருக்கு ஆறுதலான செய்தியே.

ஆனால், சட்டம் பொருந்துவது வேறு. கோர்ட்டில் குற்றம் நிரூபணமாவது வேறு. இதற்கு மகாராஷ்டிரத்திலேயே கசப்பான சான்றுகள் உண்டு. 2006 செப்டம்பர் 29-ந் தேதி பண்டாரா மாவட்டம் கயர்லாஞ்சியில் ஒரு தலித் குடும்பத்தின் தாய், மகள், இரண்டு மகன்கள் ஆகிய நால்வரும் கொல்லப்பட்டனர். கொலைக் குற்றம் நிரூபணமாகி எட்டுப் பேர் தண்டனை பெற்றனர். ஆயினும் 2008-ல் பண்டாரா கோர்ட்டும், 2010-ல் ஹைகோர்ட்டின் நாகபுரி பெஞ்சும், ஜாதியே காரணம் என்பது நிரூபணமாகவில்லை என்று வன்கொடுமைச் சட்டத்தின் கீழ் தண்டிக்க மறுத்துவிட்டன. 2014-ல் அகமதுநகர் மாவட்டம் (இன்றைய அகில்யாநகர்) கர்டாவில் ஒரு தலித் மாணவன் கொல்லப்பட்ட வழக்கில் சாட்சிகள் பிறழ்ந்ததால், 2017 நவம்பரில் எதிரிகள் விடுதலையாயினர். கொலை வழக்குக்கே இந்தக் கதி என்றால், தெருவில் விழுந்த வசைக்கும் அடிக்கும் சான்று தேடுவது எளிதா?

வசை வழக்கில் இரண்டு விஷயங்கள் முக்கியம். ஒன்று, அவமதிப்பு ஜாதியின் காரணமாகவே நடந்திருக்க வேண்டும். ஷெட்யூல்டு வகுப்பைச் சேர்ந்தவரைத் திட்டினார் என்பது மட்டும் போதாது என்று சுப்ரீம் கோர்ட் 2024-ல் மீண்டும் வலியுறுத்தியது. மற்றொன்று, அது பொதுமக்கள் பார்வையில் படும் இடத்தில் நடந்திருக்க வேண்டும். வீட்டு வாசலும் அப்படிப்பட்ட இடமே என்று 2008-ல் தீர்ப்பாயிற்று. கட்டடத்துக்குள் என்றால், உறவினரும் நண்பரும் அல்லாத வெளியார் அங்கு இருந்திருக்க வேண்டும்.

ஆபீஸ் குமாஸ்தாக்கள் கவனிக்க வேண்டிய வழக்கு ஒன்று திருச்சி மாவட்டத்திலிருந்து சென்றது. 2021-ல் ஒரு வருவாய் ஆய்வாளர், தம் அலுவலக அறையில் ஒருவர் ஜாதியைச் சொல்லித் திட்டியதாகப் புகார் செய்தார். சக ஊழியர்கள் பிறகுதான் உள்ளே வந்தார்கள் என்று புகாரிலேயே இருந்தது. நான்கு சுவருக்குள் நடந்தது பொதுப் பார்வை ஆகாது என்று 2025 ஜனவரியில் சுப்ரீம் கோர்ட் அந்த வழக்கை ரத்து செய்துவிட்டது. யார் எப்போது எங்கே நின்றார் என்ற சிறு விவரத்தில் ஒரு வழக்கின் உயிர் இருக்கிறது.

அடிதடிக்கு இந்தப் பொதுப் பார்வை நிபந்தனை இல்லை. 2016 ஜனவரி 26 முதல் நடப்பில் உள்ள திருத்தத்தின்படி, ஷெட்யூல்டு வகுப்பினர் என்று தெரிந்தே காயப்படுத்தினால் அதுவும் வன்கொடுமைக் குற்றம். எதிரி பாதிக்கப்பட்டவரையோ அவர் குடும்பத்தையோ நேரில் அறிந்தவர் என்றால், ஜாதி அவருக்குத் தெரியும் என்றே கோர்ட் அனுமானிக்கும். தெரியாது என்று காட்டும் பொறுப்பு அவருடையது.

ஆகவே முதல் நாளே முக்கியம். காயம் பட்டவர் உடனே சசூன் போன்ற அரசு ஆஸ்பத்திரிக்குச் சென்று காயத்தைப் பதிவு செய்துகொள்ள வேண்டும். புகார் மராத்தியில் எழுதப்படும். அதைப் படித்துக் காட்டச் சொல்லி, பொருள் புரிந்த பிறகே கையெழுத்திட வேண்டும். தமிழில் சொல்லப்பட்ட இழிசொல், மொழிபெயர்ப்பில் ‘திட்டினார்’ என்று சுருங்கிப் போனால் வழக்கின் வேரே அறுந்துவிடும். சொன்ன சொல்லைச் சொன்னபடியே எழுதச் சொல்ல வேண்டும். முதல் தகவல் அறிக்கையின் நகலை இலவசமாகப் பெறுவது உரிமை. ஊர்த் தாசில்தார் கொடுத்த ஜாதிச் சான்றிதழைக் கையில் வைத்திருப்பது நல்லது. சாட்சி சொல்ல வருவோருக்கு ரயில் கட்டணமும் தினப்படியும் அரசு தர வேண்டும் என்று 1995-ஆம் ஆண்டு விதிகள் கூறுகின்றன. ஒருநாள் கூலி போகுமே என்று ஒதுங்கவேண்டியதில்லை.

பொய் வழக்குகள் மலிந்துவிட்டன என்ற வாதமும் அடிக்கடி எழுகிறது. சாத்தாரா மாவட்டம் கராடில் உள்ள ஒரு கல்லூரியின் ஊழியர் தொடுத்த வழக்கில், 2018 மார்ச்சில் சுப்ரீம் கோர்ட் கைதுக்குக் கட்டுப்பாடுகள் விதித்தது. நாடெங்கும் கிளர்ச்சி மூண்டு, அதே ஆண்டில் பார்லிமெண்ட் சட்டத்தைத் திருத்தியது. 2019 அக்டோபரில் கோர்ட்டே அந்தக் கட்டளைகளைத் திரும்பப் பெற்றது. பொய்ப் புகார் தண்டனைக்குரியதே. ஆனால், சாட்சி வராததால் தோற்ற வழக்கைப் பொய் வழக்கு என்று சொல்வது நியாயமாகாது.

இங்கே தமிழ்ச் சமூகத்தின் பொறுப்பு பெரிது. ஊரை விட்டு வந்தவர்கள் ஜாதியை ஊரிலேயே விட்டுவரவில்லை. திட்டியவரும் தமிழர், திட்டப்பட்டவரும் தமிழர் என்ற நிலையில், “அந்நிய மண்ணில் நமக்குள் வழக்கு எதற்கு?” என்று சமரசம் பேச வருவோர் குறைவில்லை. அந்தச் சமரசத்தில் விட்டுக்கொடுப்பவர் எப்போதும் அடிபட்டவரே. ஒற்றுமை என்பது ஒருவர் வாயை மட்டும் மூடுவதன்று.

கண்ணால் கண்டதையும் காதால் கேட்டதையும் ஜாதி பாராமல் கூண்டேறிச் சொல்ல, பக்கத்து வீட்டுக்காரரும் சக தொழிலாளியும் முன்வர வேண்டும். சங்கங்கள் மராத்தி அறிந்த ஒருவரையும் வழக்கறிஞர் ஒருவரையும் முதல் நாளே துணைக்கு அனுப்ப வேண்டும். சட்டம் எல்லை தாண்டி வந்துவிட்டது. அதற்கு உயிர் கொடுக்க வேண்டியவர்கள் பக்கத்தில் நின்று பார்த்தவர்களே.