உன்னதப் பணியும் உரிய ஊதியமும்



ஆண்டுதோறும் செப்டம்பர் 5-ஆம் நாளன்று ஆசிரியப் பணியின் உயர்வை நாம் மேடையேறிப் புகழ்கிறோம். அப்புகழ்ச்சி ஓர் ஆசிரியைக்கு எவ்வாறு முடிந்தது என்பதைக் கேளுங்கள்.

கோவாவில் அருட்சகோதரிகள் நடத்திய பள்ளி ஒன்றில் பணியாற்றிய அவர் 1975-இல் வேலைநீக்கம் செய்யப்பட்டார். தம் குறையைத் தொழில் தகராறாக ஏற்று விசாரிக்குமாறு வேண்டினார். அரசு மறுத்தது; உயர்நீதிமன்றமும் மறுத்தது. 1988-இல் உச்சநீதிமன்றமும் அவ்வாறே தீர்ப்பளித்தது. ஆசிரியர் செய்வது உடலுழைப்பன்று, எழுத்தர் வேலையுமன்று. குழந்தையின் குணத்தை உருவாக்கும் உயர்ந்த அழைத்தல். ஆகவே தொழில் தகராறுச் சட்டம் கூறும் 'தொழிலாளி' அவர் அல்லர் என்பதே காரணம். பதின்மூன்று ஆண்டுகள் காத்திருந்தவருக்குப் பணியின் பெருமையே கதவை அடைத்துவிட்டது! எனினும் நீதிபதிகள், ஆசிரியரைச் சுரண்டும் நிர்வாகங்கள் உண்டென்பதைச் சுட்டிக்காட்டி, இத்தகைய வழக்குகளுக்கெனத் தனிச்சட்டம் இயற்றுமாறு கோவா அரசை வலியுறுத்தினர்.

பணிக்கொடை விஷயத்திலும் இதே கதைதான். அச்சட்டம் குறிப்பிடும் பணியாளருள் ஆசிரியர் அடங்கார் என 2004-இல் தீர்ப்பாயிற்று. 2009-இல் நாடாளுமன்றம் சட்டத்தைத் திருத்தி, 1997 ஏப்ரல் 3 முதலே அவ்வுரிமை உண்டு என்றது. அதனையும் எதிர்த்து வழக்காடிய தனியார் பள்ளிகள் 2022-இல் தோற்றன.

இத்தகைய வேளைகளில் நம்மவர் சிலர் அரசியல் சாசனத்தின் 30-ஆம் பிரிவைக் கேடயமாகத் தூக்குவர். சிறுபான்மையோர் பள்ளி நடத்தும் உரிமையை நாமும் உயிரெனப் போற்றுகிறோம். ஆனால் டில்லியில் ஆங்கிலோ-இந்தியச் சமூகத்தின் பள்ளியொன்றில், அரசுப் பள்ளிக்கு நிகரான சம்பளம் கேட்டு ஆசிரியர்கள் தொடுத்த வழக்கில், 1986-இல் உச்சநீதிமன்றம் அவர்கள் பக்கமே நின்றது. சிறுபான்மை உரிமை என்பது பணியாளரை ஒடுக்குவதற்கான அனுமதிச்சீட்டு அன்று என அது தெளிவுபடுத்தியது.

நமக்கு நீதிமன்றமும் தேவையில்லை. 1983-ஆம் ஆண்டுத் திருச்சபைச் சட்டத் தொகுப்பின் 1286-ஆம் எண், திருச்சபைச் சொத்துக்களை நிர்வகிப்போர் நாட்டின் தொழிற்சட்டங்களைக் கடைப்பிடிக்கவும், பணியாளர் குடும்பத்தைத் தாங்கும் அளவுக்கு நேர்மையான ஊதியம் வழங்கவும் கட்டளையிடுகிறது. கூலியைப் பிடித்து வைப்பதோ, பழைய ஞானோபதேசத்தில் கொலையோடு சேர்த்து எண்ணப்பட்ட பாவம். இவற்றை அறிந்தும் ஏப்ரலில் நிறுத்தி ஜூனில் மீண்டும் சேர்க்கும் தாளாளர் உண்டு. ஒரு தொகைக்குக் கையொப்பம் வாங்கி, அதிற் குறைத்துக் கொடுப்போரும் உண்டு. கட்டணத்தை உயர்த்தாதீர் என்று கெஞ்சும் பெற்றோரும், தம் பிள்ளையின் ஆசிரியை என்ன பெறுகிறார் என்று விசாரிப்பதில்லை.

ஆசிரியராய் இருக்கும் நம் சகோதர சகோதரிகளுக்கு ஒன்று கூறுவோம். நியமன ஆணையை எழுத்தில் கேட்டுப் பெறுங்கள். வாங்காத தொகைக்குக் கையொப்பமிடாதீர்கள். விலகல் கடிதத்தைத் தேதியின்றி எழுதித் தரச் சொன்னால், அதை எழுதுமுன் உங்கள் பங்குத்தந்தையிடம் வாருங்கள். அவரே தாளாளராக இருந்தால் ஆயரில்லம் செல்லுங்கள்.