ஜீரோன்னா என்ன அர்த்தம்?

பொட்டி தட்டும் மக்களே, இன்னிக்கு உங்களுக்கான பதிவு. மத்தவங்களும் தாராளமா படிக்கலாம், கோட் எதுவும் போடலை.

நாம எழுதுற புரோகிராம் நெட்வொர்க்ல நேரடியாப் பேசறது அபூர்வம். யாரோ எழுதி வெச்ச லைப்ரரி ஃபைல்தான் (லினக்ஸ்ல எஸ்ஓ, விண்டோஸ்ல டிஎல்எல்) அதைச் செய்யுது. ஒரே ஃபைலை நூறு புரோகிராம் பகிர்ந்துக்கும். எதிர்ப்பக்கம் பதிலே வரலைன்னா எவ்வளவு நேரம் காத்துக்கிட்டு இருக்கணும்ங்கறதையும் அதுதான் முடிவு பண்ணுது. நாம ஒண்ணுமே சொல்லலைன்னா பல லைப்ரரிகளோட முடிவு என்ன தெரியுமா? காலம் பூரா காத்திரு!

லிப்கர்ல் எடுத்துக்குங்க. கனெக்‌ஷன் கிடைக்க 300 விநாடி பொறுக்கும். கிடைச்ச பிறகு மொத்த வேலைக்கும் டைம்அவுட் 0. ஜீரோன்னா சாதாரண மனுஷன் 'காத்திருக்காதே'ன்னுதான் நினைப்பான். இவங்க அகராதில 'வரம்பே இல்லை'. ஜாவாவோட யுஆர்எல்கனெக்‌ஷன்லயும் அதே ஜீரோ, அதே அர்த்தம். பைத்தான்ல எல்லாரும் பயன்படுத்தற ரிக்வெஸ்ட்ஸ், கோ மொழியோட டிஃபால்ட் ஹெச்டிடிபி கிளையண்ட், எல்லாம் இதே கட்சி.

இதனால என்ன ஆகும்? எஸ்எம்எஸ் அனுப்பற வெளி சர்வர் ஒண்ணு கனெக்‌ஷனை வாங்கிக்கிட்டு கம்முனு இருந்துடுதுன்னு வைங்க. எர்ரர் வராது. லாக்ல ஒண்ணும் இருக்காது. ஒவ்வொரு ரிக்வெஸ்ட்டும் ஒரு த்ரெட்டைப் பிடிச்சுக்கிட்டு உக்காந்துடும். டாம்கேட்ல டிஃபால்ட்டா 200 த்ரெட். அது நிரம்பிடுச்சுன்னா எஸ்எம்எஸ்ஸுக்கு சம்பந்தமே இல்லாத லாகின் பக்கம்கூட திறக்காது. சிபியு மட்டும் ஹாயா தூங்கிக்கிட்டு இருக்கும். ராத்திரி ரெண்டு மணிக்கு எழுப்பி விடப்பட்ட பையன் எங்கேன்னு போய்த் தேடுவான்?

லைப்ரரி எழுதறவங்க தரப்புலயும் நியாயம் இருக்கு. "நீ 4 ஜிபி ஃபைல் இறக்கறியா, ஒரு வரி கேக்கறியான்னு எனக்கு எப்படித் தெரியும்?" சரிதான். ஆனா மொத்த நேரம் வேற, மௌனமா இருக்கிற நேரம் வேற. பைட் வந்துக்கிட்டு இருக்கிற வரைக்கும் ஒரு மணி நேரம்கூட ஓடட்டும். ஒரு நிமிஷம் ஒரு பைட்கூட வரலைன்னா வெட்டி விடறதுல என்ன கஷ்டம்? லிப்கர்ல்லயே வேகம் குறைஞ்சா நிறுத்தற வசதி இருக்கு. டிஃபால்ட்டா அணைச்சு வெச்சிருக்காங்க, அவ்வளவுதான். பைத்தான்லயே ஹெச்டிடிபிஎக்ஸ்னு இன்னொரு லைப்ரரி, 5 விநாடி சத்தமில்லைன்னா கிளம்பிடும். வானம் ஒண்ணும் இடிஞ்சு விழலை.

(இந்த மௌனக் கணக்குலயும் ஓட்டை இருக்கு. ரிக்வெஸ்ட்ஸ்ல 5 விநாடி டைம்அவுட் வெச்சாலும், எதிர்ப்பக்கம் 4 விநாடிக்கு ஒரு பைட்டா சொட்டு விட்டா நாள் முழுக்க ஓடும். அதுக்கு மொத்த நேர வரம்பை நாமதான் போடணும்.)

இன்னொரு வாதம், "டைம்அவுட் ஆனதும் திரும்ப அனுப்புவாங்க, பணம் ரெண்டு தடவை போயிடும்"னு. டைம்அவுட்ங்கறது 'வேலை நடக்கலை' இல்லை, 'நடந்துச்சான்னு தெரியலை'. அது பணம் அனுப்பற புரோகிராம் எழுதறவன் கவனிக்க வேண்டியது. அதுக்காக லைப்ரரி முழிச்சுக்கிட்டே நிக்கணுமா என்ன?

பழைய ஃபைல்ல திடீர்னு டிஃபால்ட்டை மாத்தினா, அதை நம்பியிருக்கிற நூறு புரோகிராமும் ஆடிப் போகும்ங்கறதை மட்டும் ஒத்துக்கறேன். ஆனா எஸ்ஓ ஃபைல் பேருக்குப் பின்னாடி ஒரு வெர்ஷன் நம்பர் இருக்கே, அது இந்த மாதிரி மாற்றத்துக்குத்தானே? அடுத்த பெரிய வெர்ஷன்ல மாத்துங்க. காலம் பூரா காத்திருக்கணும்னு நினைக்கிறவங்க வாயைத் திறந்து கேட்டு வாங்கிக்கட்டும்.

டிஸ்கி: நீங்க பயன்படுத்தற லைப்ரரில டிஃபால்ட் என்னன்னு பாத்துட்டுப் பின்னூட்டத்துல சொல்லுங்க. ஜீரோவா இருந்தா கும்மி அடிக்கலாம் :)