சீரகம் சிரித்தது யாரைப் பார்த்து?

கோடீஸ்வரன் வீட்டுக் குழம்பிலும் கொத்தனார் வீட்டுக் குழம்பிலும் வேற்றுமை பாராமல் கொதிப்பவை சில உண்டு. சீரகம், மல்லி, சோம்பு, வெந்தயம்! விலை ஏறும்போது மட்டும் கொத்தனார் வீட்டுக் குழம்புதான் முதலில் வாசம் இழக்கிறது. கோடீஸ்வரன் வீட்டில் அந்தச் சேதியே எட்டுவதில்லை.

2021ஆம் ஆண்டில் சீரகம் மொத்தச் சந்தையில் குவிண்டால் ஏறத்தாழ 14,000 ரூபாய். 2023 ஜூலையில் அதே குவிண்டால் 60,000 ரூபாயைத் தாண்டிற்று. இரண்டே ஆண்டில் நாலு மடங்கு! மாதம் கால் கிலோ சீரகம் செலவழிக்கும் குடும்பத்துக்கு, மண்டி விலையிலேயே 35 ரூபாய்ச் செலவு 150 ரூபாயாயிற்று. மண்டியிலிருந்து மளிகைக் கடைக்கு வருகிற வழியில் சேர்ந்த கூலியும் கமிஷனும் இலாபமும் தனி. கேட்கிறோம், தோழர்களே: அந்த இரண்டாண்டில் எந்த ஆலையில் கூலி நாலு மடங்காயிற்று? எந்தத் துறைமுகத்தில் மூட்டை தூக்குபவனுக்கு நாலு மடங்கு கொடுத்தார்கள்?

பிறகு என்ன ஆயிற்று? 2024 மார்ச்சில் விலை 30,000க்கும் கீழே சரிந்தது. ஏறியதும் வேகம், இறங்கியதும் வேகம். ஏறும்போது ஏழையை அடித்தது. இறங்கும்போது உழவனை அடித்தது. நடுவில் நின்றவன் மட்டும் இரண்டு அடியிலும் தப்பினான். எப்படி என்பதைப் பார்ப்போம்.

தமிழ்நாட்டில் சீரகம் வணிக அளவில் விளைவதில்லை. அது குளிரும் வறட்சியும் கேட்கும் பயிர். வானம் நாலு நாள் மூடிக் கிடந்தாலே கருகல் நோய் கண்டு சாய்ந்துவிடும். இந்தியாவில் விளையும் சீரகம் ஏறக்குறைய முழுவதும் குஜராத், இராஜஸ்தான் என்ற இரண்டே மாநிலங்களில். அதற்கு விலை சொல்லும் இடம் குஜராத்தின் மெஹ்சானா மாவட்டத்து உஞ்ஜா. அந்தச் சிறு நகரத்து மண்டியில் காலையில் சொல்கிற விலை, மாலைக்குள் மதுரைக்கும் டாக்காவுக்கும் துபாய்க்கும் போய்ச் சேர்ந்துவிடுகிறது.

உலகில் வேறு யாரிடமும் சீரகம் இல்லையா? இருக்கிறது. சிரியா, துருக்கி, ஈரான், ஆப்கானிஸ்தான், சீனம். ஆனால் நம் நாட்டு அறுவடை பிப்ரவரி, மார்ச்சில்; சிரியா, துருக்கிச் சரக்கும் சீனத்துச் சிஞ்சியாங் சரக்கும் ஜூன், ஜூலைக்கு மேல்தான் வரும். இடைப்பட்ட மாதங்களில் உலகமே உஞ்ஜாவின் வாசலில் நிற்கிறது. போதாக்குறைக்கு, 2011இல் மூண்ட உள்நாட்டுப் போர் சிரியாவின் வயல்களைக் குலைத்தது. ஒரு காலத்தில் நமக்கு எதிர்க்கடை விரித்த நாடு அது.

இந்த நிலையில்தான் 2021–22இல் குஜராத் உழவர்களில் பலர் சீரகத்தை விட்டுக் கடுகுக்கும் கொண்டைக்கடலைக்கும் போனார்கள். அவற்றுக்கு அப்போது நல்ல விலை. குறை சொல்ல முடியுமா? பயிர் குறைந்தது. 2023 மார்ச்சில், அறுவடை வேளையில் பருவம் தப்பிய மழை வேறு. சீனமும் அள்ளி அள்ளி வாங்கிற்று. சரக்கு குறைவு, கேட்பவர் அதிகம். விலை ஏறாமல் என்ன செய்யும்?

இதுவரை இயற்கையின் கணக்கு. இனிமேல் வருவது மனிதனின் கணக்கு.

சரக்கைக் கண்ணால் காணாமலே வாங்கி, கையால் தொடாமலே விற்று, இலாபத்தை மட்டும் தொட்டுப் பார்க்கிற ஒரு வியாபாரம் உண்டு. முன்பேர வர்த்தகம் என்று பெயர். உணவுப் பொருள் விலையைக் காரணம் காட்டி, 2021 டிசம்பரில் நெல், கோதுமை, கொண்டைக்கடலை, பாசிப்பயறு, கடுகு, சோயா, பாமாயில் ஆகிய ஏழுக்கும் இந்த வர்த்தகத்தை நிறுத்தி வைத்தது செபி. சீரகமும் மல்லியும் அந்தப் பட்டியலில் இல்லை. முன்பேரம் ஒன்றே விலையை ஏற்றியது என்று நாம் சொல்லவில்லை. மழை பெய்தது மெய், சீனம் வாங்கியதும் மெய். ஆனால் மழை பெய்த சேதியைக் காசாக்கத் தெரிந்தவன் வயலில் நனைந்தவனல்லவே!

கடன்காரன் களத்துமேட்டில் வந்து நிற்கும்போது சிறு உழவன் மார்ச்சிலேயே விற்றுவிடுகிறான். கிடங்கும் கையிருப்பும் உள்ளவன் ஜூலை வரை காத்திருக்கிறான். 60,000 ரூபாய் என்ற அந்த விலை யார் மடியில் விழுந்திருக்கும் என்பதை நீங்களே கணக்கிடுங்கள். அந்த விலையைக் கண்டு மயங்கி, மறு பருவத்தில் குஜராத் உழவர்கள் சீரகம் விதைத்த பரப்பு ஏறத்தாழ இரட்டிப்பாயிற்று. விளைந்து வந்தபோதோ விலை பாதியாகிக் கிடந்தது!

விலை ஏறினால் இன்னொரு கேடும் கூடவே வரும். கலப்படம். 2014ஆம் ஆண்டின் இறுதியிலும் 2015இன் தொடக்கத்திலும், சீரக விலை உயர்ந்திருந்த வேளையில், அமெரிக்கக் கடைகளிலிருந்து சீரகத்தூள் சேர்ந்த பண்டங்கள் ஏராளமாகத் திரும்பப் பெறப்பட்டன. தூளில் நிலக்கடலைப் புரதம்! அங்கே கடலை ஒவ்வாதவனுக்கு அது உயிர்ப் பிரச்சினை, பிடித்தார்கள். இங்கே பொட்டலம் கட்டாத தூளை யார் சோதிக்கிறார்கள்?

இனி நம் வீட்டுச் சங்கதிக்கு வருவோம். மல்லி நமது மண்ணின் சரக்கு. விருதுநகர், தூத்துக்குடிப் பக்கத்துக் கரிசலில் வடகிழக்குப் பருவமழையை நம்பி விதைக்கிறார்கள். அந்தக் கரிசல் மல்லிக்குப் போட்டி இராஜஸ்தானத்து ராம்கஞ்ச் மண்டி மட்டுமல்ல. ரஷ்யாவும் பல்கேரியாவும் கூடத்தான். அங்கே விளைவது சிறுமணி. நமது பெருமணியைவிட அதில் எண்ணெய்ச் சத்து அதிகம். அரைக்கிற ஆலைக்காரன் எதைத் தேடுவான் என்று சொல்ல வேண்டியதில்லை.

2022 ஏப்ரலில் மல்லி குவிண்டால் 11,000 ரூபாய்க்கு மேல் விற்றது. 2023ஆம் ஆண்டின் நடுவில் ஏறத்தாழ பாதிக்கு வந்துவிட்டது. சீரகம் வானத்தில் பறந்த அதே வேளையில் மல்லி தரையில் கிடந்தது! ஒரே அஞ்சறைப் பெட்டியில் அடுத்தடுத்த கிண்ணங்கள். ஒன்றில் உண்பவன் அழுகை, மற்றொன்றில் உழவன் அழுகை.

வெளிநாட்டு மல்லியே வேண்டாம் என்று முழங்குவது எளிது, கைதட்டலும் கிடைக்கும். நாம் அப்படிச் சொல்லவில்லை. பற்றாக்குறை மாதங்களில் கப்பல் வந்தால் தொழிலாளி வீட்டு ரசம் மலிவாகும். அதே கப்பல், கரிசல் உழவன் களத்தில் மல்லி தூற்றிக்கொண்டிருக்கும் தை, மாசியில் வந்து இறங்கினால் அவன் தலையில் மண். வரியை ஏற்றுவதும் இறக்குவதும் தில்லியின் கையில். அறுவடைக் காலத்தில் வரியை ஏற்றி, பஞ்ச மாதங்களில் இறக்குவதற்கு என்ன தடை? துறைமுகத்தில் இறங்கிய மல்லி எத்தனை டன், என்ன விலைக்கு என்பதை வாரந்தோறும் விருதுநகர்ப் பேட்டையில் எழுதி ஒட்ட என்ன தடை?

இங்குள்ள சர்க்காருக்கும் வேலை உண்டு. 2022 பொங்கலுக்கு ரேஷன் கடையில் கொடுத்த 21 பொருள் தொகுப்பில் சீரகமும் மல்லித்தூளும் இருந்தன. ஆகவே வாங்கவும் கொடுக்கவும் வழி தெரியாமலில்லை. பண்டிகைக்கு ஒரு நாள் கொடுத்ததை, மார்ச் மாதத்தில் உஞ்ஜாவில் கூட்டுறவுப் பண்டகசாலைகளின் பெயரால் மொத்தமாக வாங்கி வைத்து, ஜூலையில் விலை ஏறும்போது அடக்க விலைக்கு அட்டைதாரருக்கு அளந்து கொடுக்கலாம். மல்லியை அப்படி உஞ்ஜாவரை போய்த் தேடவும் வேண்டாம். விருதுநகரிலேயே, களத்திலேயே, உழவன் கையிலிருந்தே வாங்கலாம்.