பாட்டால் எழுந்த நாடு

"இக்கால இளையோரின் இசை வெறுங் கூச்சல், அதனால் மொழிக்கும் இனத்துக்கும் விளையும் பயன் யாது?" ஆசிரியர் அறைகளில் நாள்தோறும் எழும் முறையீடு இது. யானும் நெடுங்காலம் அவ்வாறே கூறிவந்தவன். எசுத்தோனிய நாட்டு வரலாற்றைக் கற்ற பின்னர் அக்கருத்தை மாற்றிக்கொண்டேன்.

பால்டிக்குக் கடற்கரையிலுள்ள சிறு நாடு அது. 1989-இல் அங்கு வாழ்ந்தோர் 15 இலக்கத்துக்குச் சற்றே மிகுதி. அவருள்ளும் எசுத்தோனியர் ஏறத்தாழ ஐந்தில் மூவரே. உருசியப் பேரரசின் கீழிருந்தபோது, 1869-இல், தார்த்து நகரில் அம்மக்கள் தம் முதற் பாட்டு விழாவை எடுத்தனர். தமக்கென அரசும் படையும் இல்லாத இனத்துக்குத் தாய்மொழிப் பாட்டே கோட்டையாயிற்று.

1940-இல் சோவியத்து ஒன்றியம் அந்நாட்டை விழுங்கிற்று. இலிடியா கோய்துலா என்னும் பெண்பாற் பாவலர் முந்தைய நூற்றாண்டில் எழுதிய தாய்நாட்டுப் பாடலுக்குக் குசுத்தாவ் எர்னெசாக்சு 1944-இல் புதிதாய்ப் பண்ணமைத்தார். 1947 விழாவில் முழங்கிய அப்பாடல், பின்னர்ப் பல்லாண்டு விழாமேடையினின்று விலக்கப்பட்டது. மக்கள் நெஞ்சினின்று அதனை விலக்க எவராலும் இயலவில்லை.

1988 மே திங்களில் தார்த்து நகரில் இளையோர் இசைவிழா ஒன்று நடந்தது. 27 அகவையினரான அலோ மாத்தீசென் ஐந்து பாடல்களை அங்கு வழங்கினார். பாட்டன்மார் பாடிய பழம்பாடல் அடிகளை எடுத்துக்கொண்டு, பேரன்மார் விரும்பும் துள்ளிசையில் அவற்றைத் தொடுத்திருந்தார். சூன் திங்களில், தலைநகர் தாலினின் பாட்டுத் திடலில், மக்கள் இரவிரவாகக் கூடிப் பாடினர். நெடுங்காலம் மறைத்து வைத்திருந்த நீலம், கருமை, வெண்மை என்னும் மூநிறக் கொடி அங்கே பறந்தது.

அவ்விரவுகளைக் கண்டு ஐன்சு வால்க்கு என்னும் ஓவியர் ஒரு கட்டுரை வரைந்தார். "பாடும் புரட்சி" என்று அதற்குப் பெயரிட்டார். வரலாறும் அப்பெயரையே ஏற்றுக்கொண்டது. அன்று அவருக்கு அகவை 52. கூச்சல் என்று காதைப் பொத்திக்கொள்ளாமல், இளையோர் பாட்டில் தம் இனத்தின் உயிர்த்துடிப்பை அவர் கேட்டார். அந்தச் செவியன்றோ நமக்கு வேண்டுவது!

அவ்வாண்டு செப்டம்பர் 11-இல் அத்திடலில் திரண்டோர் ஏறத்தாழ 3 இலக்கம் என்பர். 1989 சனவரியில் எசுத்தோனியம் ஆட்சிமொழியாயிற்று. 1991 ஆகட்டு 20-இல் நாடு விடுதலை மீண்டது. பாட்டொன்றே இதனைச் செய்ததென்று கூறேன். சோவியத்து வல்லாட்சியின் தளர்ச்சியும் துணைநின்றது. ஆயினும், ஒருவரையொருவர் அஞ்சி வாய்மூடிக் கிடந்த மக்களை ஓரிடத்தில் வாய்திறக்கச் செய்தது பாட்டே.

மாத்தீசெனின் துள்ளிசை மேலைநாட்டிலிருந்து வந்தது, சொல்லோ எசுத்தோனியம். 1940-களில் நம் தமிழிசை இயக்கத்தார் போராடியதும் மேடையில் தமிழ்ச்சொல் ஒலிக்கவேண்டும் என்பதற்கே.

எனவே, ஆசிரியப் பெருமக்களே! மாணவன் கையிலுள்ள கருவியைக் கண்டு முகஞ்சுளியாதீர்; அவன் வாயிலுள்ள சொல்லைக் கேளுங்கள். அது தமிழாயின் தழுவிக்கொள்ளுங்கள். கலப்பாயின், கடியாமல், நல்ல தமிழ்ச்சொல்லை எடுத்துக் கொடுங்கள். நாம் கொடாத சொல்லை அவன் எங்ஙனம் பாடுவான்?